மிச்சம் பிடித்த இரவு

பாட்ஸ்ஃபியூரில் நவம்பர் கடைசியில் போகும் சூரியன்
ஜனவரி இருபது வாக்கில்தான் திரும்பும்.
இடையில் விடிந்துவிட்டது என்பதை
மீன் ஆலையின் சங்கு சொன்னால்தான் உண்டு.

அப்படியோர் இருட்டில்தான் கையெழுத்துப் போட்டேன்.
ட்ரொம்சோ மருத்துவமனை, நான்காம் மாடி,
மேசைமேல் ஒரு தட்டில் இஞ்சி பிஸ்கட்.
ஒரே ஒரு மரபணு, அதில் ஒரே ஓர் எழுத்து,
நான்கு மணி நேரத் தூக்கம் போதும் உங்கள் மகளுக்கு
என்றார் மருத்துவர் ஓஸ்ரூன்.
கால்குலேட்டரை என் பக்கம் திருப்பினார்:
எண்பது வயது வாழ்ந்தால்
பதின்மூன்று ஆண்டுகள் மிச்சம்.

எனக்குப் படகு கிடையாது, வீடும் வாடகை.
எழுதிவைக்க வேறென்ன இருந்தது?
பிஸ்கட்டைக் கடித்துக்கொண்டே பேனாவை வாங்கினேன்.

டோர்குன்னுக்கு இப்போது ஒன்பது வயது.
பத்தரைக்குப் படுத்து இரண்டரைக்கு எழுகிறாள்.
சத்தமில்லாமல் நடக்கத் தானே கற்றுக்கொண்டாள்;
மாடிப்படியில் ஐந்தாவது முனகும், தாண்டிவிடுவாள்.
வீட்டுப்பாடம் முடியும்,
அடுத்த வாரத்து வீட்டுப்பாடமும் முடியும்.
பிறகு ஆறிய கஞ்சிக் கிண்ணத்தின் முன்
உட்கார்த்திவைத்த பிள்ளைபோல
மீதி இரவின் முன் உட்கார்ந்திருப்பாள்.

பொய் சொல்லக் கூடாது.
வானத்தில் பச்சை ஒளி நெளியும் நாட்களில்
ஊரில் முதலில் பார்ப்பவள் அவள்தான்.
எங்களை எழுப்ப மாட்டாள்.
காலையில் வரைந்து காட்டுவாள், மணி உட்பட.

அண்ணன் ஐவிண்ட் என் பழைய கணக்கில் பிறந்தவன்.
பதினேழு வயது. ஒன்பது மணி நேரம்.
தலையணையில் எச்சில் கோடு.
ஒருநாள் அவன் கட்டிலருகே நின்று கேட்டாள்:
இவன் எங்கே போய்விட்டு வருகிறான்?
எங்கேயும் இல்லை என்றேன்.
அப்படியென்றால் வந்ததும் ஏன்
நம்மை முதல்முறை பார்ப்பதுபோல் பார்க்கிறான்?

இலையுதிர் காலத்தில் ஆலை வாசலில் அறிவிப்பு ஒட்டினார்கள்.
நீள்விழிப்பு ஷிப்ட், பதினான்கு மணி நேரம், நல்ல சம்பளம்.
கிர்கெனெஸில் முதலில் பிறந்த
திருத்தப் பிள்ளைகளுக்குப் பதினெட்டு ஆகிவிட்டதாம்.
யாரையும் கட்டாயப்படுத்தவில்லை என்ற வரி
அதில் இரண்டு முறை இருந்தது.

ஐவிண்டின் விண்ணப்பம் திரும்பி வந்தது.
காரணம் எழுதவில்லை.
தினசரி உறக்கம் என்ற கட்டத்தில் அவன் போட்ட ஒன்பதை
யாரோ பென்சிலால் வட்டமிட்டிருந்தார்கள்.
தூங்குமூஞ்சி என்று
கொஞ்சிக் கூப்பிட்ட வாய் இது.
இப்போது அந்தச் சொல்லை எடுக்கவே பயமாக இருக்கிறது.

பள்ளியிலிருந்தும் கடிதம்:
டோர்குன் போன்ற குழந்தைகளுக்கு
அடுத்த ஆண்டு முதல் இரண்டாம் மாலை வகுப்பு,
நேரம் வீணாகாமல் இருக்க.

நான்காம் மாடியில் எனக்குக் கேட்கத் தோன்றவில்லை,
மிச்சம் பிடிப்பதை
யார் பெயரில் போட்டுவைப்பார்கள் என்று.
என் மகளிடம்தான் நீட்டினேன்.
அவள் கை வளர்வதற்குள்
வேறு கைகள் நீண்டுவிட்டன.
அவளிடம் இதுவரை நான் எதுவும் கேட்டதில்லை.
கேட்டிருக்கவும் முடியாது;
அப்போது அவள்
ஒரு புள்ளிகூட இல்லை.

போன வியாழன், மூன்று மணி பத்து நிமிடம்,
தண்ணீர் குடிக்க எழுந்தேன்.
கீழே சமையலறையில் விளக்கு.
ஐவிண்ட் கறுப்புக் காப்பியோடு உட்கார்ந்திருந்தான்,
பக்கத்தில் பாதி காலியான மாத்திரை அட்டை,
கண்ணெல்லாம் மிளகாய்ச் சிவப்பு.
விழித்திருந்து பழகுகிறானாம்.

அவன் அறைக் கதவு திறந்திருந்தது.
அவன் கட்டிலில், அவன் போர்வையில், டோர்குன்.
வாயைக் கொஞ்சம் திறந்து
அவன் மூச்சைப் போலவே
இழுத்து இழுத்து விட்டுக்கொண்டிருந்தாள்.
இமைக்குள் கண்மணி சுறுசுறுவென்று ஓடியது.
தலையணையை விரலால் தொட்டேன்.
கன்னத்தருகே, சரியான இடத்தில்,
இரண்டு சொட்டுத் தண்ணீர் வைத்திருந்தாள்.

வெளியே வந்து படியில் உட்கார்ந்தேன்,
முனகும் அந்த ஐந்தாவதில்.
சங்கு ஊத ஐம்பது நிமிடம் இருந்தது.
என்னிடம் இருந்தது அவ்வளவுதான்.
கீழே ஒரு பிள்ளை, மேலே ஒரு பிள்ளை.